கம்பி வளையம் போட்ட தட்டு

இதை நான் பார்க்கவில்லை. கேட்டதுதான், அதுவும் இங்கிலீஷ் ஒரு வார்த்தை தெரியாத துளசிமணி அக்கா சொல்லிக் கேட்டது. மதியச் சாப்பாடு முடிந்து சத்துணவுக் கூடத்து வாசலில் முட்டை ஓடுகளை வாளிக்குள் தள்ளிக்கொண்டே சொன்னார். "அந்தக் கம்பி வளையம் போட்ட தட்டுப் புள்ளை இருக்குதுல்லங் டீச்சர், உங்க கிளாஸ் ஒரியாக்காரப் புள்ளை, அது பெனிட்டா டீச்சர்கிட்ட என்னமா இங்கிலீசு பேசுதுங். டிரம்முகிட்ட நின்னுக்கிட்டு நிறுத்தாமப் பேசுச்சுங்." என்றைக்கு என்று கேட்டேன். போன வாரம் செவ்வாய்க்கிழமை, மோட்டார் ரிப்பேராகி டிரம்மில் தண்ணீர் பிடித்து வைத்திருந்தோமே அன்றைக்கு என்றார். என்ன பேசினாள் என்று கேட்டேன். "எனக்கென்னங் தெரியும், நானென்ன உங்களாட்டம் படிச்சவளா" என்று சிரித்துவிட்டு வாளியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். வடக்கத்திப் பிள்ளைகளின் பெயர் அவருக்கு வாயில் நுழையாது, தட்டை வைத்துத்தான் அடையாளம், நெளிந்த தட்டு, பூப்போட்ட தட்டு, கம்பி வளையத் தட்டு. விளிம்பில் ஓட்டை போட்டு ஆணியில் மாட்டக் கம்பி கோத்த தட்டு பள்ளிக்கூடத்திலேயே ஒன்றுதான் இருக்கிறது. அது சஸ்மிதாவின் தட்டு. ஜூன் மாதத்திலிருந்து என்னிடம் ஒரு வார்த்தை பேசாத சஸ்மிதா.

ஒன்று நாற்பதுக்கு மணி அடித்தது, ஐந்தாம் பாடவேளை, இரண்டு இருபது வரை எனக்கு நேரம் இருக்கிறது. என் வீடு என்று படம் வரைந்து தெரிந்ததை இங்கிலீஷில் எழுதுங்கள் என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டேன், முப்பத்தொரு பிள்ளைகளும் குனிந்திருக்கிறார்கள், அப்படிச் சொன்னதே நான் யோசிக்க வேண்டும் என்பதற்காகத்தான், இப்போது யோசிக்க முடியவில்லை. மேசையில் வருகைப் பதிவேடு, அதன் கீழே படிவம். வட்டார அலுவலகத்துக்குப் போக வேண்டிய படிவம், பேச்சுக் குறைபாடு இருக்கும் என்று சந்தேகப்படும் பிள்ளைகளுக்கானது, அதில் அவள் பெயரை நேற்றே எழுதிவிட்டேன், சஸ்மிதா, மூன்றாம் வகுப்பு ஏ பிரிவு, தாய்மொழி ஒடியா, தந்தை பனியன் கம்பெனித் தொழிலாளி. வகுப்பாசிரியர் கருத்து என்ற கட்டம் மட்டும் காலி. காலையில் அதில் பேசுவதில்லை என்று எழுதத்தான் பேனாவைத் திறந்தேன், மை தீர்ந்திருந்தது, அவ்வளவுதான், மை இருந்திருந்தால் இந்த நேரம் எனக்கு இந்தத் தொல்லை கிடையாது. இரண்டு இருபதுக்கு விசாலாட்சி மேடம் வந்து வாங்கிக்கொள்வார், தலைமையாசிரியர் என்றாலும் எல்லாவற்றையும் அவரே நடந்து வந்துதான் வாங்குவார். எழுதிக் கொடுத்தால் அவள் பட்டியலில் ஏறிவிடுவாள். ஏறிய பெயர் இறங்கி நான் பார்த்ததில்லை, அவள் அப்பா அடுத்த ஊருக்குப் போனாலும் மாற்றுச் சான்றிதழோடு அந்த வார்த்தையும் போகும். பேசுகிறாள், ஆனால் என்னிடம் இல்லை என்று சொன்னால் அவள் பெனிட்டாவின் பி பிரிவுக்குப் போய்விடுவாள், அது எனக்கு நன்றாகத் தெரியும், ஆகஸ்டில் நேபாளிப் பையன் பிரகாஷை அப்படித்தான் மாற்றினார்கள், பேசற இடத்துல இருக்கட்டும் ரேணுகா, உனக்கும் பாரம் குறையும் என்று மேடம் சொன்னார், பாரம் என்று நான் எப்போது சொன்னேன். துளசிமணி அக்கா சொன்னதைக் கேட்டவள் நான் ஒருத்திதான். நான் வாயைத் திறக்காவிட்டால் அது முட்டை ஓட்டோடு போய்விடும். இப்படி ஒரு நினைப்பு வருகிறது பார், ஒரு எட்டு வயதுப் பிள்ளையை வைத்து.

எங்கள் வகுப்பும் பெனிட்டாவின் வகுப்பும் ஒரே ஹால். நடுவில் இரண்டு பீரோவும் கால் வைத்த ஒரு பச்சைப் பலகையும் நிற்கின்றன, பீரோவுக்கும் சுவருக்கும் நடுவே ஒரு பிள்ளை நுழையும் அளவு சந்து, சத்தம் எல்லாம் இந்தப் பக்கம் வரும். வருகிறது. ஹூ கேன் டெல் மீ என்று அவள் கேட்கிறாள், கேட்டு முடிப்பதற்குள் அங்கே கத்துகிறார்கள், ஒடியாவும் இந்தியும் வங்காளமும் தெலுங்கும் தமிழுமாகக் கத்தினாலும் நடுநடுவே இங்கிலீஷ் தெறிக்கிறது, அவள் சிரிக்கிறாள், எல்லாவற்றையும் எடுத்துக்கொள்கிறாள். குன்னூர்க்காரி. தாத்தாவே வாத்தியார், அம்மா கான்வென்டில் டீச்சர், பக்கத்து வீடெல்லாம் ராணுவக் குடும்பம், அதனால் இந்தியும் விளையாட்டாக வந்துவிட்டது, படித்ததில்லையாம். அவள் கெட்டவளாக இருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும். டிபன் பாக்ஸைத் திறந்ததும் முதலில் என் பக்கம்தான் நீட்டுவாள். ஒரு நாள் பலகையில் ஏதோ தப்பாக எழுதிவிட்டு ஐயோ, எனக்கே மறந்துபோச்சு என்று பிள்ளைகள் முன்னாலேயே தலையில் அடித்துக்கொண்டு சிரித்தாள், அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை, அவள் இங்கிலீஷை அல்ல, அந்தச் சிரிப்பை. நான் ஒரு எழுத்து தப்பு விட்டால் இரவு முழுக்க என் அப்பா அந்தப் பலகையைப் பார்த்துக்கொண்டு நிற்பது மாதிரி இருக்கும். சரி, டிரம். நீல டிரம், குழாயடிக்குப் பக்கத்தில், மேலே மூடி, மூடி மேல் ஒரு பிளாஸ்டிக் மக். பெனிட்டா அங்கே கை கழுவப் போயிருக்கிறாள், சஸ்மிதா தட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள், பெனிட்டா குனிந்து மக்கை எடுத்து ஊற்றுகிறாள், இவள் நிமிர்ந்து பேசுகிறாள். என்ன பேசியிருப்பாள். மிஸ், வாட்டர் என்று மட்டும் சொல்லியிருப்பாள், துளசிமணி அக்காவுக்கு அதுவே நீளமாகத் தெரிந்திருக்கும். இல்லை, நிறுத்தாமல் என்றார். மிஸ், ஐ வாஷ் மை பிளேட், ஐ லைக் எக், மை பிரதர் இஸ் ஸ்மால். நான் ஜூலையில் நடத்தியதெல்லாம் வரிசையாக வருகிறது, என் வாக்கியங்கள், நான் தொண்டை கட்டக் கத்திக் கத்திக் கொடுத்த வாக்கியங்களை எடுத்துக்கொண்டுபோய் அவளிடம் கொடுத்திருக்கிறாள். பெனிட்டா இதை என்னிடம் சொல்லவே இல்லை. பத்து நாள் ஆகிறது, தினமும் பக்கத்தில் உட்கார்ந்துதான் சாப்பிடுகிறோம், புளியோதரையில் கடலை கூடிவிட்டது என்பதைக்கூடச் சொன்னாள், இதைச் சொல்லவில்லை. மறைத்திருந்தால்கூடப் பரவாயில்லை. மறைக்கவில்லை, அவளுக்கு இது சொல்லும்படியான விஷயமே இல்லை, அதுதான். எனக்கு ஐந்து மாதமாகக் கிடைக்காதது அவளுக்குக் கை கழுவும்போது கிடைத்து, கையைத் துடைத்ததும் மறந்துபோயிருக்கிறது.

கேட்டால் போதும். பீரோவுக்கு அந்தப் பக்கம் எட்டடி. பெனிட்டா, சஸ்மிதா உங்ககிட்டப் பேசினாளாமே என்று சாதாரணமாகக் கேட்கலாம், கேட்கும்போது என் குரல் எப்படி வரும் என்று எனக்குத் தெரியும், அதனால் கேட்க மாட்டேன். குரல் என்றால் காலேஜ் ஞாபகம்தான். பி.ஏ. இங்கிலீஷ் முதல் வருடம், எல்லாரும் ஐந்து நிமிடம் பேச வேண்டும் என்று ஒரு பரீட்சை, நான் கழுத்தில் மஞ்சள் பற்றுப் போட்டு அதன் மேல் துணியைச் சுற்றிக்கொண்டு போய், தொண்டை புண், பேச முடியவில்லை என்று சீட்டு எழுதி நீட்டினேன். இங்கிலீஷில்தான் எழுதினேன், தப்பில்லாமல், முந்தின நாளே நான்கு முறை எழுதிப் பார்த்திருந்தேன். காலேஜ் மேடம் படித்துவிட்டு மதிப்பெண் போட்டார். அப்புறம் அது பழகிவிட்டது, கும்பலாகச் சொல்லும்போது உதட்டை அசைப்பேன், சத்தம் பக்கத்தில் இருப்பவள் போடுவாள். எங்கள் வீட்டில் டிகிரி என்று முதலில் நுழைந்தவள் நான். அப்பா பனியன் கம்பெனியில் மடித்துப் பெட்டி கட்டும் பிரிவில் இருபத்திரண்டு வருடம், ஒவ்வொரு பனியனிலும் கழுத்துக்குப் பின்னால் ஒரு இங்கிலீஷ் லேபிள் இருக்கும், அதை உள்ளே மடித்து மடித்து அவர் கட்டைவிரல் வழுவழுவென்று ஆகிவிட்டது, அதில் என்ன எழுதியிருக்கிறது என்று அவருக்குத் தெரியாது. நான் பி.எட். முடித்த அன்றைக்கு ஒன்றைச் சட்டைப் பையில் கொண்டுவந்து படி கண்ணு என்றார். துவைக்கும் முறை. மூன்றாவது வரியில் ஒரு வார்த்தை, எனக்கு அர்த்தம் தெரியவில்லை, அவர் முகத்தைப் பார்த்துவிட்டு வெயிலில் காய வைக்கக் கூடாதுன்னு போட்டிருக்குப்பா என்று சொல்லிவிட்டேன். மறுநாள் கம்பெனியில் எல்லாரிடமும் அதைச் சொல்லியிருக்கிறார். மெஷினில் போட்டு உலர்த்துவதைப் பற்றியது என்று ஒரு வாரம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது, இன்றைக்கு வரை அவருக்குத் தெரியாது. இதெல்லாம் பெனிட்டாவுக்கு நடந்திருக்காது. அவள் அப்பா லேபிளைக் கொண்டுவர மாட்டார், அவரே படித்துக்கொள்வார்.

மூன்றாவது வரிசை, ஜன்னல் ஓரம். குனிந்து வரைகிறாள், இரட்டைச் சடை, ஒரு பக்க ரிப்பன் தொங்குகிறது. பெயர் கூப்பிடும்போது மற்றதெல்லாம் பிரசன்ட் மிஸ் என்று கத்தும், இவள் கையை மட்டும் தூக்குவாள், விரல்களை விரித்து, நான் நிமிர்ந்து பார்த்தால்தான் தெரியும். சில நாள் பார்க்க மறந்து, பிறகு எண்ணிச் சரிசெய்வேன். அவள் இருந்தாலும் இல்லாவிட்டாலும் வகுப்பில் சத்தம் ஒன்றுதான். ஆனால் நான் பேசும்போது என் வாயையே பார்ப்பாள். கண்ணைப் பார்க்க மாட்டாள், கரும்பலகையைப் பார்க்க மாட்டாள், வாய். எனக்கு உதடு உலர்ந்துபோகும். நான் உதட்டை மட்டும் அசைத்தவள் என்பது இவளுக்குத் தெரிந்துவிட்டதோ என்று ஜூலையில் ஒரு நாள் தோன்றியது, அன்றைக்கு ராத்திரி போனில் ஒடியா தேடினேன், பாணி என்றால் தண்ணீர், குஹ என்றால் சொல்லு. மறுநாள் அவள் பெஞ்சுக்குப் பக்கத்தில் முட்டி போட்டு உட்கார்ந்து யாருக்கும் கேட்காமல் குஹ என்றேன். அவள் என் வாயைப் பார்த்தாள். குஹ, சஸ்மிதா, குஹ. பக்கத்துப் பெஞ்சில் யாரோ சிரித்தார்கள், நான் எழுந்துவிட்டேன். அவளுடைய பெரியப்பா மகள் லிப்சா பி பிரிவில்தான் இருக்கிறாள், இரண்டு குடும்பமும் லைன் வீட்டில் ஒரே அறை, சாயங்காலம் சந்து வழியாக வந்து இவளைக் கூட்டிப்போவாள், அவளிடம் ஒரு முறை கேட்டேன், சஸ்மிதா வீட்டுல பேசுவாளா. "பேசும் மிஸ். ரொம்பப் பேசும். அடிக்கணும் அப்பத்தான் சும்மா இருக்கும்" என்றாள் நல்ல தமிழில். அப்படியானால் பேச்சு இருக்கிறது. எங்கே செலவழிப்பது என்பதை அவள்தான் முடிவு செய்கிறாள். வீட்டில் செலவழிக்கிறாள், டிரம் பக்கத்தில் செலவழிக்கிறாள். வீட்டில் பேசுவது தெரிந்தும் காலையில் பேசுவதில்லை என்று எழுதப் போனேனே, அது எப்படி. மற்றவர்களிடம் என்பதை விட்டுவிட்டு என்னிடம் என்பதையே எல்லாமாக எழுதப் போனேன். இப்போதும் எழுதலாம். பொய்யில்லை, நான் கேட்டதில்லைதானே, வகுப்பாசிரியர் கருத்து என்றுதானே கேட்கிறார்கள், சமையல்காரர் கருத்து என்று கேட்கவில்லை. இரண்டு ஐந்து. இந்தப் பேனா இடைவேளையில் வாங்கியது, நன்றாக எழுதுகிறது.

எழுந்து சுற்றி வருகிறேன், உட்கார்ந்திருந்தால் எழுதிவிடுவேன். சோட்டு விமானம் வரைந்திருக்கிறான், வீடு எங்கே என்றால் விமானத்துக்குள் இருக்கிறது என்கிறான். அனிதா ஃபேன் என்று எழுதி ஃபேனை வீட்டை விடப் பெரிதாக வரைந்திருக்கிறாள். ஜன்னல் ஓரம் வந்ததும் என் நடை தானாகக் குறைகிறது. சஸ்மிதா நோட்டை மறைக்கவில்லை. ஒரு அறை, ஒரு சுவர், சுவரில் வரிசையாக ஆணி, ஆணியில் பை, சட்டை, ஒரு தட்டு. வளையத்தைக்கூட விடவில்லை, சின்னதாகச் சுழித்திருக்கிறாள். தட்டுக்கு நேர் கீழே இரண்டு பேர். ஒன்று குட்டை, ஒரு பக்க ரிப்பன் தொங்குகிறது, அது அவள். இன்னொன்று அவளை விட உயரம், வாய் திறந்திருக்கிறது, பெரிய வட்டமாக, பல் எல்லாம் தெரிகிறது. கீழே எதுவும் எழுதவில்லை. தட்டு, பக்கத்தில் சஸ்மிதா, எதிரில் வாயைத் திறந்து சிரிக்கும் ஒருத்தி. வீடு வரையச் சொன்னால் டிரம்மை வரைந்திருக்கிறாள், டிரம்மை மட்டும் விட்டுவிட்டு. அவள் வீட்டுக்குள்ளேயே போய்விட்டாள் பெனிட்டா, ஆணி அடித்த சுவருக்குப் பக்கத்தில் நிற்கிறாள். திஸ் இஸ் ஹூ, என்று விரலை வைத்துக் கேட்கிறேன், என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. சஸ்மிதா என் வாயைப் பார்க்கிறாள். பீரோவுக்கு அந்தப் பக்கம் பெனிட்டா ஏதோ சொல்லி எல்லாரும் சிரிக்கிறார்கள், சஸ்மிதாவின் தலை அந்தப் பக்கம் திரும்புகிறது, ஒரு நொடிதான், உதட்டோரம் அசைகிறது, அவர்களோடு சேர்ந்து சிரிக்கப் போகிறவள் மாதிரி. அந்த நொடியில் நான் அவளை வெறுத்தேன். எழுதவே கூசுகிறது, ஆனால் நடந்தது அதுதான், எட்டு வயதுப் பிள்ளையை, ரிப்பன் அவிழ்ந்த பிள்ளையை. மேசைக்குத் திரும்பி வந்தேன். நாற்காலியில் உட்காரும்போது அந்தச் சீட்டு ஞாபகம் வந்தது, மஞ்சள் பற்று கழுத்தில் காய்ந்து இழுத்தது, காலேஜ் மேடம் சீட்டைப் படித்து நிமிர்ந்து என்னைப் பார்த்தது. அவருக்குத் தெரிந்திருக்கும். தெரிந்தும் இவளுக்குப் பேச வராது என்று எங்கேயும் எழுதவில்லை. எழுதியிருந்தால் நான் இந்த நாற்காலியில் இல்லை. பேனாவைத் திறந்து கட்டத்துக்குள் எழுதினேன்: பேசுகிறாள். குறைபாடு இல்லை. எழுதி முடித்தபோது நல்லது செய்த நிம்மதி வரவில்லை, கையில் இருந்ததைப் பிடுங்கிக் கொடுத்த மாதிரிதான் இருந்தது.

மணி அடித்தது. விசாலாட்சி மேடம் வந்து மூக்குக் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு படிவத்தைப் படித்தார். "நேத்துக்கூட வாயே திறக்கறதில்லைன்னியே?"

"பேசறா மேடம். என்கிட்ட இல்லை. பெனிட்டாகிட்ட."

நீ பார்த்தியா என்று கேட்பார் என்று காத்திருந்தேன், கேட்கவில்லை. "சொல்றதுக்கும் ஒரு மனசு வேணும் ரேணுகா" என்று மட்டும் சொல்லிவிட்டு, பீரோவுக்கு மேலாக எட்டிச் சஸ்மிதா இனி உன் கிளாஸ் பெனிட்டா என்றார். லிப்சா பக்கத்திலயே இடம் இருக்கு மேடம், அங்க உட்கார வச்சுக்கறேன் என்று அந்தப் பக்கத்திலிருந்து பதில் வந்தது, வியப்பில்லை, கேள்வியில்லை. நான் சஸ்மிதாவைப் பார்த்து அந்தப் பக்கம் கையைக் காட்டினேன். அவளுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆயிற்று. நோட்டைப் பைக்குள் வைத்தாள், தட்டு கம்பியோடு கலகலத்தது, பையை மாட்டிக்கொண்டு சந்து வரைக்கும் போனாள். அங்கே நின்று திரும்பி என்னைப் பார்த்துக் கையைத் தூக்கினாள், விரல்களை விரித்து, காலையில் பெயர் கூப்பிடும்போது தூக்குவாளே அப்படி. நான் பெயர் எதுவும் கூப்பிடவில்லை. திருப்பிக் கை அசைப்பதா, தலை ஆட்டுவதா என்று தெரியாமல் பதிவேட்டைப் பார்க்கிறவள் மாதிரி குனிந்துகொண்டேன். நிமிர்ந்தபோது சந்தில் ஆள் இல்லை.

அதற்குப் பிறகு அந்தப் பக்கத்துச் சத்தத்தில் அவள் குரலைத் தேடிக்கொண்டிருந்தேன். அவள் குரல் எப்படி இருக்கும் என்று தெரியாமல் எதைத் தேடுவது. பெனிட்டாவிடம் கேட்கவில்லை, அவளாகவும் சொல்லவில்லை. மாதக் கடைசியில், வெள்ளிக்கிழமை, வருகைப் பதிவேட்டில் ஒவ்வொரு பிள்ளையும் வந்த நாட்களைக் கூட்டிப்போட உட்கார்ந்தேன். வந்தவர்களுக்கு நீல மையில் கோடு, வராதவர்களுக்குச் சிவப்பு. பதினேழாம் எண்ணுக்கு, சஸ்மிதாவின் பெயருக்கு வந்ததும் விரல் நின்றது. துளசிமணி அக்காவிடம் போய் மறுபடி கேட்டேன், தட்டை வைத்துத்தானுங் சொன்னேன், மூஞ்சியை யாருங் பார்த்தா என்றார். சாயங்காலம் லிப்சாவை நிறுத்திக் கேட்டேன். தம்பிக்குக் காய்ச்சல் வந்து சஸ்மிதா வீட்டில் இருக்கும் நாளெல்லாம் அந்தத் தட்டைத் தான் எடுத்துவருவதாகச் சொன்னாள், தன் தட்டில் வளையம் இல்லை, அதனால் பிடிக்காதாம். சொல்லிவிட்டுச் சிரித்தாள், வாய் பெரிய வட்டமாகத் திறந்து பல் எல்லாம் தெரிந்தது. எனக்கு முதலில் வந்தது வெட்கம் இல்லை, சஸ்மிதா பெனிட்டாவிடமும் பேசவில்லை என்ற சந்தோஷம், அதை மறைத்துப் பிரயோஜனம் இல்லை. பிறகு அலுவலக அறையில் சுற்றறிக்கை நோட்டையும் எடுத்துத் தேதியைப் பார்த்தேன். மோட்டார் பழுது, பிள்ளைகள் தண்ணீர் பாட்டில் கொண்டுவரவும், நவம்பர் பதினொன்று, செவ்வாய்க்கிழமை, கீழே என் கையெழுத்தும் இருக்கிறது. பதிவேட்டில் அதே நாள், எண் பதினேழு, சஸ்மிதா: காலையிலும் மதியத்திலும் சிவப்பு மை.